மாதாவுக்குப் பின்னால் ஒரு கைக்குட்டை

படிக்கட்டில் பெர்னார்ட் அங்கிளின் செருப்புச் சத்தம் கேட்டதும் ஐரின் மேசைமேல் இருந்த மாதா சுரூபத்தைப் பார்த்தாள்.

இன்று மாதத்தின் முதல் வெள்ளி. ஆஸ்டின் டவுனில் கோயிலுக்கு வர முடியாத நோயாளிகளுக்கெல்லாம் வீடு தேடி நற்கருணை அப்பம் கொண்டுவருபவர் அவர். மனைவி ஆஞ்சலா போன வருடம் நோயில் படுத்து இறந்தபோதுகூட ஒரு வெள்ளியும் தவறவிட்டதில்லை.

மூன்று கீமோ முடிந்திருந்தது. ஐரினின் வாய்க்குள் புண் இல்லாத இடமில்லை. நாக்கின் ஓரம், கன்னத்தின் உட்புறம், மேலண்ணம் எல்லாம் வெந்து கிடந்தன. பச்சைத் தண்ணீரே மிளகாய்த் தண்ணீராக எரிந்தது.

அவள் பயந்தது எரிச்சலுக்கு அல்ல.

போன மாதம், புண் தெரியாதபடி வாயைக் கீற்றாகத் திறந்துதான் அந்த மெல்லிய அப்பத்தை வாங்கினாள். அது மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. எச்சில் ஊறவில்லை. அவர் படியிறங்கும்வரை சிரித்த முகமாக இருந்துவிட்டு, விரலை விட்டுச் சுரண்டினாள். பாதி அப்பம் வந்தது, ரத்தத்தோடு.

இயேசுவின் உடலான நற்கருணையைத் துப்புவது சாவான பாவம். பதினெட்டு வருடமாக ஞாயிறு மறைக்கல்வியில் பிள்ளைகளை அப்படி மிரட்டியவளே அவள்தான். ஊருக்குத்தான் உபதேசம்.

விழுங்க முடியாத நற்கருணையைத் தண்ணீரில் கரைத்துச் செடிக்கு ஊற்றலாம் என்று தெரியும். ஆனால் அதில் அவள் ரத்தம் இருந்தது. கை வரவில்லை. கைக்குட்டையில் சுற்றி, மாதா சுரூபத்துக்குப் பின்னால் செருகினாள். கணவன் க்ளெனிடம்கூடச் சொல்லவில்லை.

அன்றிலிருந்து அந்த மேசையைப் பார்த்து ஜெபிக்கவே பயம். காய்ச்சல் வந்தால் அதனால்தான். ரத்த அணு குறைந்தால் அதனால்தான்.

எலெக்ட்ரானிக் சிட்டி ஆபீஸ் கேபைப் பிடிக்க ஓடிய க்ளென், கதவைச் சும்மா சாத்திவிட்டுப் போயிருந்தான். பெர்னார்ட் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தார். மேசையில் வெள்ளைத் துணி விரித்தார். நற்கருணைச் சிமிழை வைக்க இடம் போதவில்லை. மாதாவை இரண்டு கைகளாலும் தூக்கி ஓரமாக நகர்த்தினார்.

கைக்குட்டை கீழே விழுந்தது.

ஏதாவது பொய் சொல்லியிருக்கலாம். ஐரின் கையைத்தான் நீட்டினாள்; எட்டவில்லை.

அவர் குனிந்து எடுத்தார். பிரித்தார். பழுப்பாகக் காய்ந்த கறையையும், அதில் ஒட்டியிருந்த வெள்ளைத் துணுக்கையும் பார்த்தார்.

ஃபாதரிடம் சொல்வார். கோயில் முழுக்கத் தெரிந்துவிடும். இனி இந்த வீட்டுக்கு நற்கருணை வராது. அது இல்லாமல் அடுத்த கீமோவுக்கு எந்தத் தைரியத்தில் போவாள்?

பெர்னார்ட் கைக்குட்டையை அப்படியே தண்ணீர் டம்ளருக்குள் அமிழ்த்தினார். சிமிழைத் திறந்து, புது அப்பத்தில் கடுகளவு கிள்ளி, ஒரு ஸ்பூன் தண்ணீரில் மிதக்கவிட்டார்.

"ஆஞ்சலா இப்பிடி அஞ்சு வச்சிருந்தாம்மா, தலகாணி உறைக்குள்ள," என்றார். "அஞ்சையும் நாந்தான் குடுத்தேன். அடக்கம் முடிஞ்சி வந்து உறைய உருவுறப்பதான் பாத்தேன்."

ஸ்பூன் அவள் உதட்டருகே வந்தது.

தன்னுடையது ஒன்று, என்று ஐரின் மனதுக்குள் எண்ணினாள்.

பயம் போகவில்லை. ஆனாலும், உள்ளே இருப்பதெல்லாம் அவருக்குத் தெரியும்படி, வாயை முழுசாகத் திறந்தாள்.