கேட்ட இடத்தில் பந்து

செங்கல் சூளைத் தொழிலாளி ஏமஸ் புரூயிட் வெடித்த விரல்களால் பேஸ்பாலை உருட்டியபடி நிற்கிறான். இன்னும் ஒரு பந்தை அடிக்க விடாவிட்டால் எங்கள் ஒஹாயோ அணியில் அவனுக்குச் சம்பள வேலை; அடி விழுந்தால் நாளைக்கு மறுபடி சூளைதான். எதிரே பேர்பெற்ற மட்டைக்காரர் கார்னீலியஸ் வான்டர்ஸ்லூட், யாரோ தனக்குச் சிலை செதுக்குவதுபோல் மட்டையை ஏந்தி நிற்கிறார். மீசை மெழுகு வெயிலில் மின்னுகிறது. இந்த 1880-களின் விதிப்படி, பந்து மேலே வேண்டுமா கீழே வேண்டுமா என்று மட்டைக்காரர் முதலிலேயே சொல்ல வேண்டும். கேட்ட உயரத்தில்தான் வீச வேண்டும். இவர் “கீழே” என்று திருவாய் மலர்ந்தார். கீழேயே வந்த இரண்டு பந்துகளும் வளைந்து போக, காற்றைத்தான் அடித்தார்.

“இனி மேலே போடச் சொல்லுங்க. சூளைக்காரனுக்குக் குனிஞ்சே பழக்கம்” என்கிறார்.

உயரத் தொப்பி நடுவர் மறுத்துத் தலையாட்டுகிறார். “கேட்டது கேட்டதுதாங்க. நடுவுல மாத்த முடியாது.”

“விடுங்கய்யா, பாவம்” என்கிறான் ஏமஸ். “ஆசைப்பட்ட எடத்துலயே போடறேன்.”

பந்து மார்பளவில் நேராக வந்து, கடைசி நொடியில் விலகுகிறது. மட்டை சுழல்கிறது, கூடவே சுழன்ற வான்டர்ஸ்லூட் மண்ணில் உட்காருகிறார். பாதி மீசை மின்னுகிறது, மீதி செம்மண். ஊரே எழுந்து குதித்ததில் பார்வையாளர் பலகைகள் அதிர்கின்றன. ஏமஸ் நிதானமாக நடந்து வந்து, வான்டர்ஸ்லூட்டின் தலையிலிருந்து விழுந்து கிடக்கும் தொப்பியை எடுத்துத் தட்டி, குனிகிறான்.

“எங்க வைக்கட்டும் ஐயா, மேலயா, கீழயா?”