பாடைக்கு முன்னால் நடந்தவன்

செத்துப்போன நூமிஸியஸ் தன் பாடைக்கு முன்னால் இடது காலை இழுத்து இழுத்து நடந்தார். சதுக்கத்தில் கூடியிருந்த ரோம் நகரமே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது.

நடந்தது டாமா. கேலிநாடகக் குழுவில் பெருந்தீனிக்காரன் வேஷம் கட்டுகிற அடிமை.

பெரிய மனிதர் செத்தால் அவர் முகத்தை மெழுகில் அச்செடுத்து, ஒரு கூத்தாடிக்கு மாட்டி, அவரைப் போலவே நடக்கவும் பேசவும் விடுவது வழக்கம். அந்த ஒரு நாள் அவர் வாயில் என்ன வந்தாலும் யாரும் தடுக்கக் கூடாது.

மெழுகு முகமூடி சாதாரணமாக ஆடும். மூக்குக்கும் தாடைக்கும் உள்ளே கந்தைத் துணி திணித்தால்தான் நிற்கும். இது துணியே கேட்கவில்லை. போட்டதும் ஒட்டிக்கொண்டது.

கூலிக்கு மாரடித்துக்கொண்டிருந்த பெண்கள் முன்னால் போய் நின்றான்.

"என் மீன்சாறை வாங்கிச் சாப்பிட்ட அன்னைக்குக்கூட நீங்க இப்படி அழலியேம்மா!"

மீன்சாறு வியாபாரி நூமிஸியஸின் கரகரப்பு அச்சு அசலாக இருந்தது. பாடையருகே நின்ற மூத்த மகன் புரோக்குலஸும் சிரித்துவிட்டான்.

சற்று முன்புதான் அவன் மேடையேறி அப்பாவைப் புகழ்ந்து முழங்கியிருந்தான். சொன்ன சொல் மாறாதவராம் அப்பா. பிள்ளைகளும் அப்படியேயாம். அதைக் கேட்டபோது முகமூடிக்குள் டாமா பல்லை நறநறவென்று கடித்தான்.

கூட்டத்தின் ஓரத்தில் நூமிஸியஸ் வீட்டு அடிமைகளோடு நின்றாள் கலேனா. டாமாவின் அம்மா. அந்த வீட்டு அடுப்பில் ஆயுள் முழுக்க வெந்தவள்.

மூச்சு அடங்குவதற்கு முன் நூமிஸியஸ் அவள் கையைப் பிடித்து, மகன்கள் காதுபடவே, இனி நீ யாருக்கும் அடிமையில்லை என்று சொல்லிவிட்டுத்தான் செத்தார். காய்ச்சலில் உளறியது என்று புரோக்குலஸ் அதைத் துடைத்துப் போட்டுவிட்டான். சடங்கு முடிந்த கையோடு அவளைப் பண்ணைக்கு வண்டியேற்றப் போகிறான். அங்கே மாடு சுற்ற வேண்டிய திரிகைக்கல்லை அவள் சுற்ற வேண்டுமாம். நிமிர்ந்து நிற்கவே முடியாதவள். என்ன நெஞ்சழுத்தம் பாருங்கள்.

டாமாவும் அந்த வீட்டில் பிறந்தவன்தான். விவரம் தெரியாத வயதில் ஒரு நொண்டிக் கழுதையோடு சேர்த்து அவனை நாடகக் குழுவுக்கு விற்றுத் தள்ளிவிட்டார்கள். பின்னாளில் சமையலறை வாசலில் அம்மாவைப் பார்க்க வரும்போதெல்லாம், அப்பன் யார் என்று கேட்பான். அவள் அடுப்பை ஊதப் போய்விடுவாள்.

டாமா பாடையைச் சுற்றி வந்து புரோக்குலஸுக்கு எதிரே நின்றான். செத்தவரின் தோரணையில் இடுப்பில் கையை ஊன்றினான்.

"ஏன்டா, சொன்ன சொல் மாறாதவன்னு முழங்கினியே, கலேனாவை விட்டாச்சுன்னு நான் சொன்னப்ப உன் காதுல மீன்சாறா ஊத்தி வச்சிருந்தே?"

யாரோ கைதட்டினார்கள்.

"விட்டுரு! அப்பா சொல்றாருல்ல, விட்டுரு!" என்று நாலாபக்கமும் கூச்சல் கிளம்பியது.

புரோக்குலஸின் கழுத்து நரம்பு புடைத்தது.

"எங்கப்பா பேச்சா இது? கூத்தாடி நாயே, முகமூடியைக் கழட்டிட்டுச் சொல்லுடா பார்ப்போம்!"

கூட்டம் முணுமுணுத்தது. எப்போதும் முகமூடியோடு ஆடுகிற கேலிநாடகக்காரனை முகத்தைக் காட்டச் சொல்வது அந்த ஊரில் அடிப்பதைவிடக் கேவலம். டாமாவின் ஆட்டத்துக்கு விழுந்து விழுந்து சிரித்தவர்கள் ஒருவரும் அவன் முகத்தைப் பார்த்ததில்லை. அவனே ஒழுங்காகப் பார்த்ததில்லை. அடிமைக்கு ஏது கண்ணாடி?

ஆத்திரம் தலைக்கேற, கழற்றினான்.

"கழட்டிட்டேன். இப்பவும் அதைத்தான் சொல்றேன். அவளை விடு."

யாரும் சிரிக்கவில்லை. முன்வரிசையில் ஒரு கிழவர் வாயைப் பொத்திக்கொண்டார்.

பின்னாலிருந்து ஒருவன் பொறுமையிழந்து கத்தினான்.

"யோவ், அதான் கழட்டச் சொல்றாருல்ல? உள்ளே இருக்கிறதையும் கழட்டுய்யா!"

டாமா கன்னத்தைத் தடவினான். தோல்தான். கையிலிருந்த மெழுகைப் பார்த்தான். கோணல் மூக்கு, பிளந்த தாடை. விரல் மெழுகு மூக்கின் கோணலைத் தடவியது. பிறகு தன் மூக்கைத் தடவியது. அதே கோணல்.

அம்மாவைத் திரும்பிப் பார்த்தான். அவள் முக்காட்டை இழுத்து முகத்தை மூடிக்கொண்டாள்.

அப்படியானால் கழுதையோடு சேர்த்து விற்றது பெற்ற அப்பன்.

புரோக்குலஸ் கிட்டே வந்தான். அதட்டல் போன இடம் தெரியவில்லை.

"அவளைக் கூட்டிட்டுப் போ. அவ இனிமே அடிமையில்லை, இத்தனை பேரும் சாட்சி. முதல்ல அதை மாட்டிக்கோப்பா, உனக்குப் புண்ணியமாப் போகும்."

டாமா முகமூடியைப் பிணத்தின் காலடியில் வைத்தான். கூட்டத்துக்குள் போய் அம்மாவின் கையைப் பிடித்து அழைத்து வந்தான். இடது காலை இழுத்து இழுத்து, வெறும் முகத்தோடு, ஊர்வலத்துக்கு முன்னால் நடந்தான்.

பாடை அவர்களுக்குப் பின்னால்தான் வர வேண்டியிருந்தது.