வெள்ளைப் பெயின்ட்

"வண்டியைத் திருப்பிக் கொடுக்கவே கூடாதுங்கய்யா. கொடுத்தா நாளைக்கே மறுபடியும் பாட்டில்தான் ஏத்துவாங்க."

கோர்ட்டில் இன்ஸ்பெக்டர் ஒரே போடாகப் போட்டதும் அவள் நீதிபதியின் முகத்தைப் பார்த்தாள்.

ஆஸ்பத்திரித் துணிகளை வெளுத்துக் கொடுக்கும் சலவை நிலையம் அவளுடையது. வண்டியும் அவள் பெயரில்தான். ஓட்டுவது மட்டும் புருஷன். வெளுத்த படுக்கை விரிப்புகளுக்கு நடுவே எண்பது மது பாட்டில்களைச் சொருகிக்கொண்டு போனவனை ஒரு சந்துக்குள் மதுவிலக்குப் போலீஸ் மடக்கியது. அவன் நாலே நாளில் ஜாமீனில் வந்துவிட்டான். ஒரு பாவமும் அறியாத வண்டிதான் ஒரு மாதமாக ஸ்டேஷனில் வெயில் காய்கிறது.

இந்த ஒரு மாதமும் மூட்டைகளைத் தள்ளுவண்டியில் வைத்து அவளே தள்ளிக்கொண்டு போனாள். பாதித் துணி நேரத்துக்குப் போய்ச் சேரவில்லை. திங்கட்கிழமைக்குள் வண்டி வராவிட்டால் வேலை வேறு ஆளுக்கு என்று ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்கள். இன்று வெள்ளி.

பக்கத்தில் புருஷன் பல்லைக் கடித்தான்.

"எவனோ போட்டுக் கொடுத்திருக்கான். யாருன்னு மட்டும் தெரியட்டும், கையைக் காலை எடுத்துடுறேன்."

இந்த மாதத்தில் இதை அவன் நூறு தடவையாவது சொல்லியிருப்பான்.

"கோர்ட்டுக்குள்ளயாவது சும்மா இருங்க" என்றாள் அவள்.

அவர்களுடைய வக்கீல் எழுந்தார்.

"ஐயா, அந்தச் சந்துல ஒரு சைக்கிள் போறதே அபூர்வம். அங்கே போலீஸ் எதுக்குக் காத்துக்கிட்டு இருந்தாங்க? தகவல் கொடுத்தது யாரு?"

நீதிபதி கண்ணாடிக்கு மேலே பார்த்தார்.

"சொல்லுங்க இன்ஸ்பெக்டர்."

"தகவல் எதுவும் இல்லீங்கய்யா. வழக்கமான சோதனைதான்."

"ஆள் நடமாட்டமே இல்லாத சந்துல வழக்கமான சோதனையா? எப்படி, மோப்பம் பிடிச்சீங்களா?" என்றார் நீதிபதி.

கோர்ட்டே சிரித்தது. இன்ஸ்பெக்டர் காது வரைக்கும் சிவந்துபோய், "ஆமாங்கய்யா" என்றார். பொய்யைக்கூடக் கொஞ்சம் பொருத்தமாகச் சொல்லத் தெரியவில்லை அந்த மனுஷனுக்கு.

விடக்கூடாது என்று வக்கீல் மறுபடியும் வாயைத் திறந்தார். அவள் சட்டென்று அவருடைய கறுப்புக் கோட்டைப் பிடித்து இழுத்தாள்.

"அதெல்லாம் எதுக்குங்க சார்? வண்டி வந்தாப் போதும்."

நீதிபதி அவளைக் கூப்பிட்டார்.

"பாட்டில் ஏத்தினது உங்களுக்குத் தெரியுமாம்மா?"

வாய் தவறி ஒரு வார்த்தை வந்தாலும் வண்டி போனது போனதுதான்.

"என்கிட்ட கேட்டு ஏத்தலீங்கய்யா. கேட்டிருந்தா விட்டிருக்கவே மாட்டேன்."

நீதிபதி பேனாவை எடுத்தார்.

இன்ஸ்பெக்டர் அப்போதும் விடவில்லை.

"கொடுக்கிறதா இருந்தா, புருஷன் ஸ்டியரிங்கைத் தொடக் கூடாதுன்னு எழுதுங்கய்யா. சாவி இந்தம்மாகிட்டதான் இருக்கணும். மீறினா வண்டியை மறுபடி தூக்கிடுவோம்."

"நாலு பேர் முன்னால மானத்தை வாங்குறான் பாரு" என்று புருஷன் முணுமுணுத்தான்.

"உங்களுக்கு ஓட்டத் தெரியுமா?" என்று கேட்டார் நீதிபதி.

"லைசென்ஸ் எடுத்து ஏழு வருஷம் ஆச்சுங்கய்யா. வண்டிதான் கைக்கு வரலை."

நிபந்தனையோடு உத்தரவு வந்தது.

சாயங்காலம் உத்தரவை எடுத்துக்கொண்டு ஸ்டேஷனுக்குப் போனார்கள். புருஷனை வாசல் கேட்டிலேயே நிறுத்திவிட்டார் இன்ஸ்பெக்டர்.

"நீ அங்கேயே நில்லு. வண்டிக்காரங்க மட்டும் வந்தாப் போதும்."

என்ன திமிர் என்று நினைத்துக்கொண்டே அவள் உள்ளே போனாள். பிடிபட்ட வண்டிகள் வரிசையாக நின்றன. ஒவ்வொன்றின் முன்கண்ணாடியிலும் வழக்கு எண்ணைச் சின்னதாக எழுதியிருந்தார்கள்.

அவள் வண்டியில் டயர் நாலும் இருந்தன. பேட்டரியும் இருந்தது. உயிர் வந்தது அவளுக்கு. அப்படியே சுற்றிப் பின்பக்கம் போனவள் பதறிவிட்டாள்.

பின்கதவில் 'சலவைக்கு அழைக்க' என்று நீலத்தில் எழுதி, அவளுடைய போன் நம்பர் போட்டிருக்கும். அந்த நம்பர் ஒரு எண் விடாமல் மறைந்துபோயிருந்தது. அதன்மேல் வெள்ளைப் பெயின்டைக் கெட்டியாகப் பூசி, அதற்கு மேல் வழக்கு எண்ணை எழுதி வைத்திருந்தார்கள்.

அவளுக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தது.

"ஏன் சார், எல்லா வண்டிக்கும் முன்னால எழுதியிருக்கீங்க. எனக்கு மட்டும் எழுத வேற இடமே கிடைக்கலியா? என் தொழிலே அந்த நம்பர்ல இருக்கு சார்!"

இன்ஸ்பெக்டர் வாசல் கேட் பக்கம் ஒரு பார்வை பார்த்தார். சாவியை அவள் உள்ளங்கையில் வைத்து, குரலைத் தணித்துக்கொண்டார்.

"எங்க ஆளுங்களுக்கு ஓட்டை வாய்ம்மா, வேற வழி தெரியலை. 'என் புருஷனைப் பிடிங்க'ன்னு போலீஸுக்குப் போன் பண்றவங்க, அவர் ஓட்டுற வண்டி முதுகுல எழுதியிருக்கிற நம்பர்லேருந்தேவா பண்ணுவாங்க?"