ஓட்டு நேரத்தில் எங்கே போனீங்க?

"ஒரே ஒரு ஓட்டு குறைஞ்சு மசோதா மண்ணைக் கவ்விடுச்சு. அது யாரு ஓட்டு? மசோதாவைக் கொண்டு வந்த இந்த அம்மாவோட ஓட்டேதான்!"

கட்சிக் கொறடா மேசையைத் தட்டினார். அவர் அறையில் சுற்றி உட்கார்ந்திருந்த உறுப்பினர்கள், மக்கள் தங்களைத் தேர்ந்தெடுத்ததே இதற்குத்தான் என்பதுபோலத் தலையை ஆட்டினார்கள்.

எதிரே அந்தப் பெண் உறுப்பினர் நின்றுகொண்டிருந்தார். மூன்று முறை ஜெயித்தவர். உட்காரச் சொல்லத்தான் ஒருவருக்கும் தோன்றவில்லை.

மசோதா ஒன்றும் வானத்தை வில்லாக வளைக்கிற மசோதா அல்ல. பெண்கள் வேலை பார்க்கும் எல்லா இடங்களிலும் அவர்களுக்கென்று பக்கத்திலேயே கழிப்பறை கட்டாயம், அவ்வளவுதான். அதைச் சபைக்குக் கொண்டுவர அவர் ஏறாத படி இல்லை, கெஞ்சாத ஆள் இல்லை. முதலில் சிரித்தார்கள். பிறகு, "சபையில பேசுற விஷயமா இது?" என்று மூக்கைப் பொத்திக்கொண்டார்கள். தேர்தல் நெருங்கியதும்தான் பெண்களுக்கும் ஓட்டு இருப்பது ஞாபகம் வந்து, கட்சி அதைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு ஆடியது.

அப்படிப்பட்ட மசோதாவுக்கு வாக்கெடுப்பு மணி அடித்தபோது அவர் இருக்கை காலி. மணி நின்றால் சபைக் கதவைப் பூட்டிவிடுவார்கள். அவர் மூச்சிரைக்க ஓடி வந்தபோது பூட்டியாகிவிட்டது.

"டிவிக்காரங்க வர்றாங்கன்னு பவுடர் போடப் போயிருப்பாங்க" என்றார் ஒருவர்.

"வீட்டுல அடுப்பை அணைச்சோமான்னு சந்தேகம் வந்திருக்கும்" என்றார் இன்னொருவர்.

அறையே சிரித்தது. பெரிய மனிதர்கள்!

"சிரிக்காதீங்கய்யா, கட்சி மானமே போச்சு" என்ற கொறடா, அந்தப் பெண் பக்கம் திரும்பினார். "ஏம்மா, அடுத்த தேர்தல்ல உனக்கு சீட்டு கிடையாதுன்னு தலைவர் சொல்லிட்டார். உன் பக்கம் ஏதாவது இருந்தா இப்பவே சொல்லிடு. எங்க போயிருந்தே?"

"பாத்ரூம் போயிருந்தேன்."

மறுபடியும் சிரிப்பு.

"கொஞ்ச நேரம் அடக்க முடியலையா? நாங்கல்லாம் போகலையா என்ன?" என்று எகிறினார் புதிதாக ஜெயித்து வந்த உறுப்பினர். "மணி அடிச்சப்புறம்தான் எழுந்து போனேன். போயிட்டு, கையைக் கழுவி, தலையையும் வாரிக்கிட்டு வந்து உட்கார்ந்தேன்!"

"உங்களுது சபைக் கதவை ஒட்டியே இருக்கு தம்பி. என்னுது தோட்டத்தைத் தாண்டி, நூலகக் கட்டடத்துல இருக்கு. காலையிலேர்ந்து ஒரு வாய் தண்ணி குடிக்கல. அப்படியும் முடியல."

பூட்டிய கதவுக்கு வெளியே நின்று, தன் மசோதா தோற்பதை ஒலிபெருக்கியில் கேட்டவர் அவர்.

புதியவர் விடவில்லை. "சும்மா சாக்கு சொல்லாதீங்க. இவ்வளவு பெரிய கட்டடம். பொம்பளைங்களுக்குன்னு இங்க ஒண்ணு கட்டாமலா விட்டிருப்பாங்க?"

"சரி சரி, அந்தப் பேச்சு இப்ப எதுக்கு? கூட்டம் முடிஞ்சுது, கிளம்புங்க" என்று கொறடா அவசரமாக எழுந்தார்.

"இருங்கண்ணே, தம்பி கேட்குதுல்ல?" என்றார் அந்தப் பெண். "கட்டியிருந்தாங்க தம்பி. சபைக் கதவுக்கு நேர் எதிர்லயே. 'வர்றதே ரெண்டு மூணு பொம்பளைங்க, அவங்களுக்கு எதுக்கு இவ்வளவு இடம்?'னு கேட்டு, அண்ணன்தான் அதை இடிச்சு ஆபீஸ் ஆக்கிக்கிட்டார். நீங்கல்லாம் இப்ப உட்கார்ந்து என்னை விசாரிக்கிறீங்களே, அது அதுக்குள்ளதான்."