காவலில் இரண்டு காளைகள்

“திருட்டு மணல் அள்ளினது மனுஷன். தண்டனை மாட்டுக்கா சார்?”

வக்கீல் தாட்சாயணி இப்படிக் கேட்டதற்கு, எஸ்.ஐ. சவரிமுத்து டீயை ஒரு மடக்குக் குடித்துவிட்டுத்தான் பதில் சொன்னார்.

“மாடு இல்லாம வண்டி தானா நடந்தா வந்துச்சு? அதுவும் பறிமுதல்தாம்மா.”

போன மாதம் நடந்த பேச்சு இது. காளைகள் இன்னும் அங்கேதான்.

ஸ்டேஷனை ஒட்டிய காலியிடத்தில், பிடிபட்ட லாரிகளுக்கும் டிராக்டர்களுக்கும் நடுவே ஒரு வேப்பமரம். அதில் கட்டியிருந்த காளைகளுக்கு எதிரே வண்டிக்காரர் குருந்தன் தினமும் வந்து உட்கார்ந்திருப்பார். இருட்டினதும் எழுந்து போவார். கோர்ட்டுக்குப் போகும் வழியில் இதைப் பார்த்துப் பார்த்து மனசு கேட்காமல்தான், தாட்சாயணி ஃபீஸ் வாங்காமல் கேஸை எடுத்தாள்.

“முதல் தடவைதானேண்ணே. அபராதத்தைக் கட்டிட்டா சமாதானமா முடிச்சுக்கலாம். நான் தாலுகா ஆபீஸ்ல பேசறேன்.”

“பார்க்கலாம்மா” என்பார் குருந்தன்.

சவரிமுத்துவோ, கோர்ட் கேட்ட அறிக்கையை அனுப்பவே இல்லை. ஒரு வாய்தாவுக்குத் திருவிழா பந்தோபஸ்து என்றார். அடுத்ததற்கு ஜுரம். மாஜிஸ்திரேட்டும் அவரைக் கண்டிக்கவில்லை. “வழக்குச் சொத்து. இளைக்கக் கூடாது. தீனிச் செலவு அரசாங்கத்தோடது” என்று முதல் நாள் சொன்னதோடு சரி.

இன்று தாட்சாயணி விடவில்லை. அரைமணி நேரம் நின்று வாதாடினாள். மாஜிஸ்திரேட் கண்ணாடியைக் கழற்றி அவளை ஒரு பார்வை பார்த்தார். பிறகு காளைகளை விடுவித்து உத்தரவு போட்டார்.

அதை வாங்கிக்கொண்டு நேரே ஸ்டேஷனுக்கு வந்தாள்.

“அண்ணே, ஜெயிச்சாச்சு. அவிழ்த்துட்டுப் போங்க.”

குருந்தன் முகம் செத்துப்போயிற்று.

“இன்னைக்கேவாம்மா?”

சவரிமுத்து உத்தரவை வாங்கி நிதானமாகப் படித்தார்.

“இது செல்லாதும்மா. செவலைக் காளை ரெண்டுன்னு போட்டிருக்கு. இங்க நிக்கிறது சாம்பல் நிற மயிலை.”

“மனுவில நான் மயிலைன்னுதானே எழுதினேன்?”

“இருக்கலாம். உத்தரவுல இருக்கிற மாட்டைத்தான் நான் விட முடியும். திருத்தி வாங்கிட்டு வாங்க.”

“கொஞ்சமாவது மனசாட்சி இருக்கா சார் உங்களுக்கு?”

சவரிமுத்துவுக்குக் கோபம் வரவில்லை.

“உங்க கட்சிக்காரர் எப்படிப் பிடிபட்டார்னு கேட்டீங்களா? ஊரே ராத்திரியில அள்ளுது. இவர் உச்சிவெயில்ல ஸ்டேஷன் வாசல்ல வண்டியை நிறுத்தி, ‘ஐயா, மணல்’னு என்னைக் கூப்பிட்டார். எட்டிப் பார்த்தா ரெண்டு கூடை மணல். நான் கண்டுக்காம உள்ள போயிட்டேன். திரும்பவும் கூப்பிடறார்.”

தாட்சாயணி குருந்தன் பக்கம் திரும்பினாள்.

“ஊர்ல ஒரு பிடி வைக்கோல் இல்லம்மா” என்றார் அவர், தரையைப் பார்த்துக்கொண்டு. “ரெண்டு வருஷமா மழை இல்ல. எங்க தெருவுல மத்த மாடெல்லாம் அடிமாட்டு லாரியில ஏறிடுச்சு. இதுக ரெண்டையும் ஏத்த மனசு வரல. நீங்க ஆசையா கேஸ் நடத்துனீங்க. வேணாம்னு சொல்ல வாய் வரலம்மா.”

அப்போதுதான் அவள் சரியாகப் பார்த்தாள். குருந்தனின் விலா எலும்புகளை எண்ணிவிடலாம். காளைகளுக்கு விலா இருப்பதே தெரியவில்லை.

மத்தியானம் கோர்ட் கூடியதும் எழுந்து நின்றாள்.

“ஐயா, உத்தரவுல மாட்டோட நிறம் மாறியிருக்கு. திருத்தணும். ஆனா... அவசரம் ஒண்ணும் இல்லை.”

மாஜிஸ்திரேட் நிமிராமல் அடுத்த வழக்குக் கட்டைப் பிரித்தார்.

“நல்லது. மழை பெய்ஞ்சதும் ஞாபகப்படுத்துங்க.”