நன்னடத்தைச் சான்றிதழ்

"சார், மூணு தடவை பார்த்துட்டேன். உங்க பேர்ல எந்தக் கேஸும் இல்லை," என்றார் காவல் நிலைய எழுத்தர்.

"நல்லாப் பாருங்க. மாணவர் போராட்டக் கேஸ். எங்க வாத்தியாரை வேலையை விட்டுத் தூக்கிட்டாங்கன்னு காலேஜ் கேட்ல உட்கார்ந்தோம். வேன்ல அள்ளிட்டுப் போய் ஒரு வாரம் உள்ளே வெச்சாங்க!"

முப்பது வருடமாக மருந்துக்கடைக்காரர் சொல்லி வருகிற கதை இது. இருமல் மருந்து வாங்க வந்தவர்கூட இதை முழுசாகக் கேட்காமல் படியிறங்க முடியாது.

வெளிநாட்டில் மகளுக்குப் பிரசவம். விசாவுக்காக இருவருக்கும் சான்றிதழ் வாங்க மனைவியோடு வந்திருந்தார்.

"இல்லைன்னா நல்லதுதானே? வாங்க, போகலாம்," என்று மனைவி சட்டையைப் பிடித்து இழுத்தார்.

"நீ சும்மா இரு. போராட்டத்தைப் பத்தி உனக்கென்ன தெரியும்? நாளைக்கு விசா ஆபீஸ்ல கண்டுபிடிச்சுத் திருப்பி அனுப்பினா?"

எழுத்தர் தலையில் கைவைத்துக்கொண்டார். "வர்றவங்க எல்லாம் கேஸ் இல்லைன்னு எழுதச் சொல்லிக் கெஞ்சுவாங்க. நீங்க ஒருத்தர்தான் இருக்குன்னு எழுதச் சொல்லி உயிரை எடுக்கறீங்க."

"கம்ப்யூட்டர்ல இருக்காது. பழைய ரிஜிஸ்டரை எடுங்க!"

"ஐயோ, எனக்குத் தலை சுத்துது. கிளம்புங்களேன்," என்றார் மனைவி.

அவர் நகரவில்லை. வேறு வழியில்லாமல் எழுத்தர் அலமாரி மேலிருந்து ஒரு தடித்த பதிவேட்டை இறக்கினார். நாலு தும்மல் போட்டுவிட்டுப் பக்கம் புரட்டினார்.

"போராட்டம் நடந்திருக்கு. உள்ளே போனது பதினோரு பேர். உங்க பேர் இதுலயும் இல்லை."

மருந்துக்கடைக்காரர் வாயைத் திறப்பதற்குள் எழுத்தரின் விரல் ஒரு வரியில் நின்றுவிட்டது. மேசையில் கிடந்த மனைவியின் விண்ணப்பத்தை எடுத்தார். பெயர், தகப்பனார் பெயர், பிறந்த தேதி எல்லாவற்றையும் ஒவ்வொன்றாக ஒத்துப் பார்த்தார். பிறகு எழுந்து நின்றார்.

"கேஸை அப்பவே வாபஸ் வாங்கிட்டாங்க. சான்றிதழ் குடுக்கத் தடையில்லை. ஆனா... இது நீங்களாம்மா?"

மனைவி கணவரின் பக்கம் திரும்பவில்லை.

"நான்தாங்க. கேட்லயும் சரி, வேன்லயும் சரி, இவரைத்தான் நான் பார்த்ததே இல்லை."