மேட்டில் ஏறாத வெள்ளம்

“எது பொய்னு சொல்லிட்டுப் போங்க, டகெட் சார்!”

லோர்னா எழுந்தே நின்றுவிட்டாள். டகெட்டின் புத்தகப் பேச்சுக்காக ஊர் நூலகத்தில் கூடியிருந்தவர்கள் காபிக் கோப்பையோடு திரும்பிப் பார்த்தார்கள்.

வெர்னன் டகெட் அந்த மொன்டானா மலைப்பக்கத்தைப் பற்றி இரண்டு புத்தகம் எழுதியவர். ஒன்று பழைய தபால் ஆபீஸ்களின் கதை. இன்னொன்று பாறைகளின் கதை.

“தபால் புத்தகம் நாலு பேர் சொல்லிக் கேட்டது. பாறைப் புத்தகம் நானே மலைமலையா ஏறிப் பார்த்தது. அதுல ஒரு வரி தப்புன்னு காட்டுங்க, பேனாவைத் தூக்கிப் போட்டுடறேன்” என்று சற்று முன்புதான் மார்தட்டியிருந்தார்.

லோர்னா பள்ளிக்கூடத்தில் அறிவியல் டீச்சர். விடுவாளா?

“ஆல்டர் ஓடைத் தபால் ஆபீஸை வெள்ளம் அடிச்சுட்டுப் போச்சுன்னு தபால் புத்தகத்துல எழுதியிருக்கீங்க. அந்த ஆபீஸ் இருந்த மேட்டுல மனுஷன் கால் வெச்ச நாள்லேர்ந்து வெள்ளமே ஏறினதில்லைன்னு பாறைப் புத்தகத்துல எழுதியிருக்கீங்க. எங்க தாத்தா போஸ்ட் மாஸ்டரா இருந்த ஆபீஸ் சார் அது! இவ்வளவு அலட்சியமா?”

“உட்காருடி” என்று பக்கத்தில் இருந்த அம்மா ஹேஸல் அவள் கோட்டைப் பிடித்து இழுத்தாள்.

“சும்மா இரும்மா. தாத்தா விஷயம்.”

பின்வரிசையிலிருந்து ஒரு குரல்: “ஏன் வெர்னன், வெள்ளம் வந்தப்போ உன் பாறையெல்லாம் குடை பிடிச்சுக்கிட்டு நின்னுச்சா?”

கூட்டம் கொல்லென்று சிரித்தது.

டகெட்டின் காது சிவந்துவிட்டது. ஹேஸலை ஒரு பார்வை பார்த்தார். அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

“ஒண்ணு தப்புதான். என் கவனக்குறைவு. இங்க இருக்கிற பிரதியிலெல்லாம் இப்பவே கையால திருத்திடறேன்.”

ஹேஸல் விருட்டென்று எழுந்து வெளியே போனாள். நாலு பேர் தன்னைப் பாராட்டி முடித்த பிறகு லோர்னாவும் வந்தாள். காருக்குள் அம்மா அழுதுகொண்டிருந்தாள்.

“வெள்ளமும் இல்ல, ஒண்ணும் இல்லடி. உங்க தாத்தா குடிச்சுட்டு, பனியில கொண்டுபோய்க் கொடுக்கச் சோம்பிக்கிட்டு, வந்த தபாலையெல்லாம் அடுப்புல போட்டார். அந்தக் குளிர்காலம் பூரா எங்க வீட்டு அடுப்பு ஊரார் கடிதாசியிலதான் எரிஞ்சுது. நானும் குளிர் காய்ஞ்சேன். மேலதிகாரிங்க வந்து ஆபீஸையே மூடிட்டாங்க.”

“அம்மா…”

“டகெட் அத்தனையும் கண்டுபிடிச்சுட்டு என்கிட்ட வந்தார். ‘என் பொண்ணு அவ தாத்தா படத்தை வகுப்புல மாட்டி வெச்சிருக்கா, எழுதிடாதீங்க’ன்னு கையைப் பிடிச்சுக் கெஞ்சினேன். வெள்ளம்னு எழுதச் சொன்னதே நான்தான்.”

லோர்னா திரும்பினாள். டகெட்டிடம் மன்னிப்புக் கேட்க நூலகத்துக்குள் ஓடினாள்.

கூட்டம் கலைந்திருந்தது. டகெட் மட்டும் மேஜையில் குனிந்து, ஒவ்வொரு பிரதியாக எடுத்து, ஒரே வரியை அடித்துக்கொண்டிருந்தார்.

தபால் புத்தக அடுக்கு தொடாமல் அப்படியே இருந்தது. அவர் அடித்துக்கொண்டிருந்தது பாறைப் புத்தகத்தில்.